மாசி மகத்தன்று நான் அவிழ்த்த கயிறு

புதிதாக வேலையில் சேர்ந்திருக்கும் ஓவர்சியர்களுக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று நம் சங்கத்தார் கேட்டபோது மூன்று தடவை தட்டிக் கழித்தேன். நான்காம் தடவை வந்தவர், நான் இஞ்சினியராகவும் இருந்தவன், வார்டு மெம்பராகவும் இருந்தவன், என்னைவிட யார் எழுதுவது என்று கேட்டார். புகழ்ச்சியாகத்தான் சொன்னார். எனக்கு அது தைத்தது. இரண்டாகவும் இருந்த ஒரு காலை நேரம் என் வாழ்க்கையில் உண்டு. எழுதினால் அதைத்தான் எழுத வேண்டும். மட்டம் பார்ப்பது, சுண்ணாம்பு கலப்பது, காண்டிராக்டரிடம் ஏமாறாமல் இருப்பது எல்லாம் ஆறு மாதத்தில் உங்களுக்குத் தானாக வந்துவிடும்.

நான் அந்தக் காலையில் செய்த ஒரு காரியத்தாலும், இரண்டு வாரம் கழித்துச் செய்யாமல் விட்ட ஒரு காரியத்தாலும், கோ மியா என்கிற அருமையான ஓவர்சியர் தன் வேலையையும், வலது கையில் மூன்று விரல்களையும் இழந்தார். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சுற்றி வளைத்துச் சொல்லித் தப்பிக்கப் பார்த்தான் என்று பிறகு நீங்கள் பேசக் கூடாது.

கோ மியாவும் நானும் ரங்கூனில் ஒரே மாதத்தில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். இருவருக்கும் வரைபடத்தை நகல் எடுக்கும் வேலை. அவருடைய தகப்பனார் பர்மியர், தாயார் தூத்துக்குடிப் பக்கத்துத் தமிழச்சி. வீட்டில் தாயோடு தமிழ், வெளியே பர்மியம். என்னைவிட இரண்டு வயது இளையவர் என்பதால் என்னை ‘அண்ணே’ என்பார். வேலையை வேகமாக முடிப்பவன் நான், பிழையில்லாமல் முடிப்பவர் அவர். மேலே இருப்பவர்களுக்கு வேகம்தான் கண்ணில் படும், அதனால் எனக்கு முதலில் உயர்வு வந்தது. அதை அவர் ஒரு நாளும் குத்திக்காட்டியதில்லை.

எங்களுக்கு மேலே இருந்த இஞ்சினியர் ஓர் அமெரிக்கர். பெயர் வேண்டாம், அவர் எனக்குச் சொன்னதை நான் எப்படிப் புரிந்துகொண்டேன் என்பதுதான் இங்கே முக்கியம். மற்ற துரைமார் குதிரை வண்டியில் வந்து நிழலில் நின்று பார்த்துவிட்டுப் போவார்கள். இவர் கால்சட்டையை முழங்காலுக்கு மேல் சுருட்டிக்கொண்டு பஸுன்டாங் ஓடைச் சேற்றில் எங்களோடு இறங்குவார். வேலை முடிந்ததும் கரையில் கூடைக்காரியிடம் எங்களோடு குந்தி உட்கார்ந்து மொஹிங்கா தின்பார். மீன் குழம்பு மீசையில் ஒழுகும். அறுபது வயதுக்கு மேல் இருக்கும். இந்த வயதில் சொந்த ஊரில் பேரன் பேத்தியோடு இல்லாமல் இங்கே ஏன் சேற்றில் நிற்கிறார் என்று எங்களுக்கு ஆச்சரியம். ஒரு நாள் அவரே சொன்னார்.

அவர் ஊர் ஆற்றங்கரையில் ஒரு சிறு பட்டணம். இளவயதில் அந்த ஆற்றின் மேல் ஒரு மரப்பாலம் கட்டினார். ஊருக்குத் தண்ணீர்க் குழாய் போட்டார். ஜனங்களுக்கு அவர் மேல் பிரியம் வந்து, நகர சபைக்கு நிற்கச் சொன்னார்கள். நின்றார், ஜெயித்தார், சில வருஷத்தில் ஊர்த் தலைவராகவும் ஆனார். அந்த ஊரில் வருஷத்துக்கு ஒரு தடவை மாட்டுச் சந்தை. அக்கம்பக்கத்து ஜனங்கள் எல்லாம் வண்டியோடு அந்தப் பாலத்தைக் கடந்துதான் வர வேண்டும். சந்தைக்கு முந்திய வாரம் பாலத்தின் கீழே போய்ப் பார்த்தபோது, ஒரு காலின் அடிமரம் உளுத்துப்போய் அவருடைய பேனாக்கத்திக்கு இடம் கொடுத்தது. சந்தை நாளன்று விடியற்காலையில் ஒரு நாற்காலியை எடுத்துக்கொண்டு போய்ப் பாலத்தின் வாயில் போட்டு உட்கார்ந்துவிட்டார். ஒரு வண்டியையும் விடவில்லை. ஜனங்கள் கெஞ்சினார்கள், திட்டினார்கள், அவர் மேல் அழுகிய முட்டைக்கோஸ் எறிந்தார்கள். வண்டிகள் எல்லாம் நாலைந்து மைல் சுற்றிக்கொண்டு போயின. சந்தை கெட்டது.

அடுத்த தேர்தலில் அவருடைய சொந்தத் தெருவே அவருக்கு ஓட்டுப் போடவில்லை. புதிய சபையார் அந்த மரக்காலைக்கூட மாற்றாமல் பாலத்தைத் திறந்துவிட்டார்கள். பாலம் அசையாமல் நின்றது. அவர் ஊரை விட்டுக் கிளம்பும்வரை நின்றது, கிளம்பிய பிறகும் பல வருஷம் நின்றதாகக் கடிதம் வந்ததாம். தெருவில் போனால் பிள்ளைகள் நாற்காலி வேண்டுமா என்று கேட்பார்களாம்.

இதை அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். கோ மியா மட்டும் சிரிக்காமல், மறுபடி அப்படி ஒரு நாள் வந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டார்.

“மூடுவேன். ஆனால் கொஞ்சம் நல்ல நாற்காலியாகக் கொண்டுபோவேன்” என்றார் அமெரிக்கர்.

கோ மியா கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். நானும் கூடச் சிரித்தேன், ஆனால் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் எனக்கு அந்த மனிதர் மேல் இரக்கமாக இருந்தது. ஒரு மரக்காலுக்காக ஊரையே இழந்த மனிதர்! நின்ற பாலம் அவரைப் பொய்யராக்கிவிட்டதே என்று நினைத்தேன். ஜனங்களிடம் போகிற இஞ்சினியருக்குக் கொஞ்சம் வளைந்து கொடுக்கத் தெரிய வேண்டும் என்று நானாகவே ஒரு பாடம் எழுதிக்கொண்டேன். அவர் சொன்ன கதையில் அந்தப் பாடம் எங்குமே இல்லை. நீங்களும் பெரியவர்கள் பேச்சைக் கேட்டுவிட்டு உங்களுக்கு வசதியான பாகத்தை மட்டும் வீட்டுக்கு எடுத்துப் போவீர்கள், எனக்குத் தெரியும்.

அமெரிக்கர் ஜெர்மன் சண்டைக்கு முன்பே கப்பலேறிவிட்டார். நான் படிப்படியாக உயர்ந்து உதவி இஞ்சினியர் ஆனேன். இருபதுகளின் தொடக்கத்தில் முனிசிபல் தேர்தல் புது மாதிரியாக வந்தபோது, எங்கள் வார்டு ஜனங்கள் என்னை நிற்கச் சொன்னார்கள். மிங்கலா தாங்ஞுன்ட்டிலிருந்து ஓடைக்கரை வரைக்கும் எந்தச் சந்தில் எந்தச் சாக்கடை எந்தப் பக்கம் சாய்கிறது என்று தெரிந்தவன் நான் ஒருவன்தான் என்பது அவர்கள் வாதம். அது உண்மையும்கூட. வேலையை ராஜினாமா செய்துவிட்டு நின்றேன்.

ஓட்டுக் கேட்பது எனக்கு வரவில்லை. ஒரு வீட்டில் கும்பிட்டு நின்று ஓட்டுக் கேட்பதற்குப் பதிலாக, உங்கள் தாழ்வாரத்துத் தூண் சாய்ந்திருக்கிறது என்று சொல்லிவிட்டேன். அவர் எனக்கு ஓட்டுப் போட்டாரோ என்னவோ, தூணை மாற்றினார். என்னைக் கரையேற்றியவர் பெரிய மேஸ்திரி. ஆலைகளுக்கு ஆள் பிடித்துக் கொடுப்பவர், எங்கள் வார்டு அம்மன் கோயிலுக்குத் தர்மகர்த்தா. அவர் ஒரு சொல் சொன்னால் பேட்டை முழுவதும் கேட்கும்.

ஆனால் நான் வாக்குக் கொடுத்த ஒரே காரியம் மேஸ்திரி கேட்டதல்ல. அரிசி ஆலையில் நெல் புடைக்கும் அஞ்சலை என்ற பெண் கேட்டது. ஆலைகள் பல ஓடைக்கு அக்கரையில், தாகேதாப் பக்கம். ஜனங்கள் சம்பான் படகில்தான் போக வேண்டும். தண்ணீர் வற்றும் நேரத்தில் சம்பானுக்கும் கரைக்கும் நடுவே தொடையளவு சேறு. அதன் மேல் இரண்டு பலகை போட்டிருப்பார்கள். அஞ்சலை அதில் வழுக்கி விழுந்து கை முறிந்து, கட்டோடு என் கூட்டத்துக்கு வந்திருந்தாள்.

“எங்களுக்கு ஓட்டு இல்லீங்க. காலு மட்டுந்தான் இருக்கு. அதையும் சேறு முழுங்குது” என்றாள்.

அங்கேயே துறைமேடை கட்டித் தருவதாகச் சொல்லிவிட்டேன். அதில் ஓட்டுக் கணக்கு எதுவும் இல்லை, மனதாரச் சொன்னேன். என் பொது வாழ்க்கையில் அப்பழுக்கில்லாமல் சொன்ன வார்த்தை அதுதான் என்று இப்போது தோன்றுகிறது.

ஜெயித்த பிறகு சபையில் மல்லுக்கு நின்று அனுமதி வாங்கினேன். கரையில் மரக்கால்கள் ஊன்றிய மேடை. தண்ணீரில் இரும்பு மிதவை. இரண்டையும் சேர்க்க ஒரு சாய்வுப் பாலம். கரைப்பக்கம் இரண்டு கீல்களில் அது தொங்கும், மறுமுனை மிதவையின் மேல் உருளையில் நகரும். தண்ணீர் ஏறினால் பாலம் கிட்டத்தட்ட மட்டமாக இருக்கும், வற்றினால் ஏணி போலச் சாயும். கடலோடு சேர்ந்து ஏறி இறங்கும் எங்கள் ஓடையில் பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் மூன்று ஆள் உயரம் வித்தியாசம் உண்டு. இந்த வேலைக்குப் பொறுப்பாக வந்த ஓவர்சியர் கோ மியா. நான் உதவி இஞ்சினியர் ஆகுமுன் உட்கார்ந்திருந்த மேசையில் அவர் உட்கார்ந்திருந்தார். எனக்குப் பெரிய சந்தோஷம். அவர் கட்டினால் பத்து வருஷத்துக்கு யாரும் திரும்பிப் பார்க்க வேண்டாம்.

வேலை முடியும் தறுவாயில் மாசி மகம் வந்தது. எங்கள் கோயிலில் அன்று விடியற்காலையில் அம்மனைச் சப்பரத்தில் வைத்துத் தூக்கி வந்து ஓடையில் தீர்த்தவாரி செய்வார்கள். வருஷா வருஷம் சேற்றில்தான் இறங்குவார்கள், சப்பரம் தூக்குகிறவர்கள் இடுப்பளவு புதைவார்கள். இந்த வருஷம் அம்மன் புதுப் பாலத்தில் நடந்து போய் மிதவையில் நின்று தீர்த்தமாடட்டும், அதுவே திறப்பு விழாவாகவும் இருக்கட்டும் என்றார் மேஸ்திரி. சட்டசபையில் இருந்த ஒரு பெரிய வியாபாரியை ரிப்பன் வெட்ட அழைத்தாயிற்று. நோட்டீசும் அடித்தாயிற்று. மாசி மகம் என்றால் பௌர்ணமி. பௌர்ணமி என்றால் வருஷத்தின் பெரிய வற்றங்களில் ஒன்று. பஞ்சாங்கம் பார்க்கத் தெரிந்த ஒவ்வொருவருக்கும் தெரிந்த விஷயம் இது, எனக்கும் தெரியும். ஆனாலும் நல்ல நாள் என்றுதான் அதைப் பார்த்தேனே ஒழிய, ஓடையோடு சேர்த்துப் பார்க்கவில்லை.

முந்திய நாள் மாலை கோ மியா என் வீட்டுக்கு வந்தார். தேநீர் கொடுத்தேன், குடிக்கவில்லை. தெற்குக் கீலைத் தாங்கும் வார்ப்பிரும்பு இருக்கை இன்னும் கப்பலில் இருந்து இறங்கவில்லை என்றார். அதற்குப் பதில் தேக்குக்கட்டை வைத்து போல்ட்டுப் போட்டிருந்தார்.

“வேலைக்குப் போற ஜனம் வரிசையா நடந்து போனா தாங்கும் அண்ணே. கூட்டமா நின்னா தாங்காது. அதுவும் தண்ணி வத்தி, பாலம் சாஞ்சு கெடக்கையிலே நின்னா கட்டை நழுவிரும். ரெண்டு வாரம் தள்ளிப் போடுங்க. இந்தத் தடவை அம்மன் பழைய எடத்துலேயே எறங்கட்டும்.”

அவர் சொன்னதில் ஒரு சொல்லைக்கூட நான் மறுக்க முடியாது. மாசி மகத்தைத் தள்ளிப்போட முடியுமா என்று மட்டும் கேட்டேன். கடைசியில் ஓர் ஏற்பாட்டுக்கு வந்தோம். விழா ஆறரை மணிக்கு, அப்போது ஏற்றம் முடிந்து தண்ணீர் திரும்பத் தொடங்கியிருக்கும், பாலம் இன்னும் மட்டமாகத்தான் இருக்கும். பாலத்தின் வாயில் ஒரு கயிறு கட்டி, ஒரு தடவைக்கு இருபத்தைந்து பேருக்கு மேல் விடாமல், ஏழரைக்குள் எல்லாம் முடித்து மூடிவிடுவது. கயிற்றை அவரே பிடித்துக்கொள்வதாகச் சொன்னார். அரை மனதோடுதான் போனார். நாங்கள் இருவர் மட்டும் பேசிய பேச்சு அது, காகிதத்தில் எதுவும் இல்லை.

காலையில் எல்லாம் சரியாகத்தான் தொடங்கியது. சப்பரம் ஆறே காலுக்கே வந்துவிட்டது. ஆயிரம் பேர் இருப்பார்கள். ஓடை கரை ததும்பிக் கிடந்தது. கோ மியா வெள்ளைச் சட்டையும் பச்சை லுங்கியுமாகக் கயிற்றோரம் நின்றார். சட்டசபைக்காரரை மட்டும் காணோம். ஆறரை ஏழாயிற்று, ஏழு எட்டாயிற்று. அன்று திங்கட்கிழமை. தாமதமாகி, புறப்படுகிற நேரத்தில் ராகு காலம் வந்துவிட்டதென்று அவர் வீட்டில் ஒன்பது மணிவரை வெளியே விடவில்லை என்று பிறகு தெரிந்தது. நான் தண்ணீரைக் கணக்குப் பார்த்தேன், ராகு காலத்தைப் பார்க்கவில்லை. அவர் ராகு காலத்தைப் பார்த்தார், தண்ணீரைப் பார்க்கவில்லை.

ஒன்பதரைக்கு அவருடைய மோட்டார் வந்தது. அதற்குள் மிதவை எங்கோ கீழே போயிருந்தது. பாலம் ஏணி போலச் சாய்ந்து கிடந்தது. வெயில் ஏறிவிட்டது. சப்பரம் தூக்கியவர்கள் மூன்று மணி நேரமாகத் தோள் மாற்றி மாற்றிச் சோர்ந்திருந்தார்கள். ரிப்பன் வெட்டியதும் கூட்டம் முன்னால் தள்ளியது. கோ மியா கயிற்றுக்குக் குறுக்கே நின்று, இனி யாரும் இறங்கக் கூடாது, சாயங்காலம் தண்ணீர் ஏறின பிறகு வாருங்கள் என்றார்.

அவரைப் பார்த்து மேஸ்திரி சத்தம் போட்டார். தேர்தலில் எனக்கு எதிராக நின்றவரின் ஆட்கள் ஒரு பத்துப் பேர் பின்னால் நின்றிருந்தார்கள். அவர்களில் ஒருவன், மெம்பர் கட்டின பாலத்தில் மெம்பருக்கே நம்பிக்கை இல்லையா என்று உரக்கக் கேட்டான். கூட்டம் சிரித்தது. சட்டசபைக்காரரும் புன்னகை செய்தார். கோ மியா என் முகத்தைப் பார்த்தார். அதுவரை என்னை ‘அண்ணே’ என்று மட்டுமே கூப்பிட்ட மனிதர், அத்தனை பேர் நடுவில், “மெம்பரய்யா, நீங்க ஒரு வார்த்தை சொன்னா ஜனம் கேக்கும்” என்றார்.

உண்மைதான், கேட்டிருப்பார்கள். முணுமுணுத்திருப்பார்கள், என்னைத் திட்டியிருப்பார்கள், அடுத்த தேர்தலில் நான் தோற்றுக்கூடப் போயிருப்பேன், ஆனால் அன்று கேட்டிருப்பார்கள். அந்த நிமிஷத்தில் எனக்கு அமெரிக்கர் ஞாபகம் வந்தது. முட்டைக்கோஸ் எறிபட்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்த மனிதரும், அசையாமல் நின்ற அந்தப் பாலமும். அவருடைய கதி எனக்கு வரக் கூடாது என்று நினைத்தேன். எத்தனை வருஷம் அந்தக் கதையை வைத்திருந்து, எப்படித் தலைகீழாகப் பயன்படுத்தினேன் பாருங்கள்.

நானே போய்க் கயிற்றை அவிழ்த்தேன். அதோடு விடாமல், நம்பிக்கை இருக்கிறது என்று காட்டுவதற்காகப் பாலத்தின் நடுவில் போய் நின்றுகொண்டேன்.

கோ மியா ஒரு மரச்சுத்தியையும் இரண்டு ஆப்புகளையும் எடுத்துக்கொண்டு மேடைக்கு அடியில் இறங்கினார். ஜனங்கள் இறங்கினார்கள். மஞ்சள் தண்ணீர்க் குடத்தோடு அஞ்சலை முன்னால் வந்தாள், சப்பரம் பின்னால் மேடையிலேயே நின்றது. நாற்பது, ஐம்பது, அறுபது பேர். கீழே மிதவையில் இடமில்லாததால் எல்லோரும் பாலத்திலேயே நின்றார்கள். காலடியில் பலகை ஒரு தடவை முனகியது. அந்தச் சத்தம் என்ன என்று பாலத்தின் மேல் நின்ற அத்தனை பேரிலும் எனக்கு ஒருவனுக்குத்தான் தெரியும். எல்லோரும் கரைக்குப் போங்கள் என்று கத்தினேன், மேளச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை.

தெற்குப் பக்கம் ஒன்றரை அடி இறங்கியது. அவ்வளவுதான். ஆனால் சாய்ந்த பாலத்தில் ஒன்றரை அடி என்பது பெரிய விஷயம். பதினைந்து பேர் சேற்றிலும் தண்ணீரிலும் விழுந்தோம். சிட்டகாங் சம்பான்காரர்கள் கண்மூடித் திறப்பதற்குள் எல்லோரையும் இழுத்துப் போட்டார்கள். ஓர் உயிர்கூடப் போகவில்லை. அந்தச் சம்பான்காரர்களுக்கு யாரும் மாலை போடவில்லை என்பதையும் இங்கே பதிந்து வைக்கிறேன். பாலம் முழுக்க விழாமல் நின்றதற்குக் காரணம் கோ மியா கடைசி நேரத்தில் அடித்த ஆப்பு. அதை அடித்துவிட்டுக் கையை எடுப்பதற்குள் உத்தரம் இறங்கிவிட்டது.

அவரை மேலே கொண்டுவந்தபோது அஞ்சலை தன் சேலைத் தலைப்பைக் கிழித்து அவர் கையைக் கட்டிக்கொண்டிருந்தாள். நான் சேறு வழிய நின்றேன். என் உடம்பில் ஒரு கீறல்கூட இல்லை.

ஆஸ்பத்திரிக்கு மறுநாள் போனேன். வேறு யாருக்கும் பலமான அடி இல்லையே என்று கேட்டார். இல்லை என்றேன். நல்லது என்று கண்ணை மூடிக்கொண்டார். கயிற்றைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

இரண்டு வாரம் கழித்து விசாரணை. விசாரிக்கச் சபையார் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். அந்த இரண்டு வாரத்துக்கு இடையில் மேஸ்திரி என்னிடம் வந்து, மெம்பர் கவலைப்பட வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் கூட்டிவந்த இரண்டு சாட்சிகள், தள்ளுமுள்ளில் கயிறு தானாக அவிழ்ந்தது என்றார்கள். நான் அவர்களைப் பொய் சொல்லச் சொல்லவில்லை. சொல்ல வேண்டாம் என்றும் சொல்லவில்லை. பிறகு கோ மியாவை அழைத்தார்கள். கையில் பெரிய கட்டு. மரக்கட்டை கூட்டத்தைத் தாங்காது என்று உமக்குத் தெரியுமா என்று கேட்டார்கள். தெரியும் என்றார். அதை விழாவுக்கு முன் யாரிடமாவது சொன்னீரா என்று கேட்டார்கள்.

அவர் திரும்பி என்னைப் பார்த்தார். கோபமாகப் பார்க்கவில்லை. கைவிடாமல் காப்பாற்றுங்கள் என்று கெஞ்சுகிறார் என்று நினைத்தேன். என்னால் அந்தப் பார்வையைத் தாங்க முடியவில்லை, மேசையில் இருந்த மைக்கூட்டைப் பார்த்தேன். மறுபடி கேட்டார்கள். அதைப் பற்றிச் சொல்வதற்குத் தனக்கு ஒன்றுமில்லை என்றார் கோ மியா.

என்னிடம், முன்னாள் இஞ்சினியர் என்ற முறையில் ஏதாவது சொல்ல விரும்புகிறீர்களா என்று கேட்டார்கள். நான் எழுந்து, வேலை முழுவதும் ஓவர்சியர் பொறுப்பில் இருந்தது என்றேன். அந்த வாக்கியத்தில் பொய்யான சொல் ஒன்றுகூட இல்லை. எத்தனையோ தடவை அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்திருக்கிறேன், ஒன்றுகூட இல்லை. அந்த வாக்கியத்தால் கோ மியாவின் வேலை போயிற்று. வார்ப்பிரும்பு இருக்கை வந்து இறங்கியது, பாலத்தைச் சரிசெய்தார்கள், அடுத்த தேர்தலில் துறைமேடை கட்டிய மெம்பர் என்று நோட்டீசு அடித்து இன்னொரு தடவை ஜெயித்தேன்.

தம்பிகளே, நீங்கள் ஒவ்வொருவரும் என்றாவது ஒரு கயிற்றோரம் நிற்பீர்கள். மூடினால் ஒன்றும் நடக்காது, ஒன்றும் நடக்காததால் நீங்கள்தான் தப்பு என்று ஊர் சொல்லும். நீங்கள் சரி என்பதற்கு ஒரு நாளும் அத்தாட்சி கிடைக்காது. அமெரிக்கர் அந்தப் பரிகாசத்தோடு உலகத்தின் மறுபக்கம் வரை வந்து, சேற்றில் நின்று சிரித்துக்கொண்டு மொஹிங்கா தின்றார். எனக்கு அத்தாட்சி கிடைத்தது. அதை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய? அமெரிக்கரிடம் போய் மன்னிப்புக் கேட்கவாவது ஒரு விலாசம் இருந்தால் தேவலை என்று பல தடவை நினைத்திருக்கிறேன். அவிழ்த்ததைக்கூட ஒரு நிமிஷத்துப் பலவீனம் என்று சொல்லலாம். ஆனால் விசாரணைக்கு முன்னால் எனக்கு இரண்டு வாரம் இருந்தது.

பொது வாழ்க்கையை விட்ட பிறகுதான் கோ மியாவைத் தேடிப் போக எனக்குத் தைரியம் வந்தது. ஆற்றுக்கு அக்கரையில் உள்ள சிரியம் பட்டணத்தில் இருப்பதாகக் கேள்விப்பட்டு, ஓடமேறிப் போனேன். ஒரு மரக்கிடங்கில் வந்துபோகும் மரத்துக்குப் பேரேடு எழுதிக்கொண்டிருந்தார், இடது கையால். எழுத்து முன்போலவே முத்து முத்தாக இருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து, வாங்க அண்ணே என்றார். வீட்டுக்குக் கூட்டிப் போனார். அவர் மனைவி தேநீரும், பர்மிய வழக்கப்படி தின்ன ஊறவைத்த தேயிலையும் கொண்டுவந்து வைத்துவிட்டு, என்னிடம் ஒரு வார்த்தையும் பேசாமல் உள்ளே போனார். அந்த அம்மாளுக்கு எல்லாம் தெரியும் என்று புரிந்தது.

நான் செய்ததெல்லாம் தப்பு என்று சொன்னேன். இப்போதாவது எழுதிக் கொடுத்து அவர் பெயரைச் சரிசெய்கிறேன் என்றேன். இப்போது எதற்கு, அந்தச் சபையில் அன்று இருந்தவர்களில் பாதிப் பேர் செத்துப்போனார்கள் என்று சிரித்தார். பேச்சை மாற்றப் பார்த்தார். நான் விடவில்லை. இத்தனை வருஷமாக என்னை அரித்துக்கொண்டிருந்ததைக் கேட்டேன். முந்திய நாள் மாலை என்னிடம் சொன்னதை ஏன் விசாரணையில் சொல்லவில்லை, என்னைக் காப்பாற்றவா என்றேன்.

இல்லை என்று தலையசைத்தார். கோப்பையை இடது கையால் நகர்த்தி வைத்தார்.

“நான் முந்திச் சொல்லிட்டா, நீங்க பிறகு சொல்றது மாட்டிக்கிட்டவன் சொல்ற மாதிரி ஆயிரும். அது உங்களுக்கு மரியாதை இல்லே. அதான் சும்மா இருந்தேன். நீங்களே எந்திரிச்சுச் சொல்லுவீங்கன்னு பாத்துக்கிட்டே இருந்தேன் அண்ணே.”